பக்கிரி வீட்டு ரஞ்சிதம்

கப்பலை விட்டு இறங்கி ஜெட்டியில் கால் வைத்ததும் என் கணவர் சிரிப்பது கேட்டது. அவரைப் போர்ட் பிளேரில் எரித்துவிட்டு வந்துகொண்டிருந்தேன் நான். கடல் மோசமாக இருந்ததால் அந்த வாரம் முழுக்கக் கப்பலும் இல்லை, ஹெலிகாப்டரும் இல்லை. உடலை எங்கள் ஊரான கேம்பல் பேக்குக் கொண்டுவர வழியில்லாமல், அவருடைய தம்பியைக் கொள்ளி வைக்கச் சொல்லி அங்கேயே காரியத்தை முடித்தாயிற்று. கையில் அவருடைய துணிப் பையும், ஆஸ்பத்திரியில் அவருக்குக் கஞ்சி கொண்டுபோன பிளாஸ்கும் இருந்தன. ஜெட்டி முனை டீக்கடையில் டிவி ஓடிக்கொண்டிருந்தது. அதில் கத்திரிக்காய் மூக்கு வைத்த கார்ட்டூன் மனிதன் ஒருவன் தன் வீட்டுக் கூரையைப் பிடித்துத் தொங்கியபடி ஆகாயத்தில் பறந்துகொண்டே அவர் குரலில் சிரித்தான். பெஞ்சில் இருந்தவர்களும் சிரித்தார்கள். என்னைப் பார்த்துவிட்டு ஒருவர் எழுந்து ரிமோட்டைத் தேடினார். அது அவர் கைக்குக் கிடைக்கவில்லை.

அங்கிருந்து வீடுவரை நடந்தேன். இருட்டிவிட்டிருந்தது. விளக்கு வைத்ததும் அந்தக் கார்ட்டூன் ஓட வேண்டும் என்பது எங்கள் ஊரில் எழுதாத சட்டம். ஒரு வீட்டு ஜன்னலில் என் கணவர் குழந்தையாகச் சிணுங்கினார். அடுத்த வீட்டில் அந்தக் குழந்தைக்கு அப்பாவாகப் பதில் சொன்னார். அதற்கடுத்த வீட்டில் பெண் குரலில், "இந்த வீட்டுல நான் மனுஷியா, மண்சட்டியா?" என்று கத்தினார். அது என் வசனம். எங்கள் வீட்டு அடுப்படியில் நான் அவரைப் பார்த்துக் கத்தியது. தாலி கழற்றப்போகிறவள் தெருவில் நடந்துபோகிறாள், அவள் போட்ட சண்டை வீட்டுக்கு வீடு ஓடிக்கொண்டிருக்கிறது. இந்தக் கொடுமை வேறு யாருக்கும் வந்திருக்காது.

இது எப்படி வந்தது என்று சொல்லிவிடுகிறேன். சுனாமி அலை வந்து ஊரைத் துடைத்துவிட்டுப் போன பிறகு, எங்களையெல்லாம் தகரக் கொட்டகைகளில் குடி வைத்திருந்தார்கள். என் கணவர் சொக்கலிங்கம் பவர் ஹவுஸில் எலெக்ட்ரீஷியன். கொட்டகை வரிசைக்கு லைன் இழுத்தவர், எங்கிருந்தோ ஒரு டிவியையும் ஒரு டிஸ்க் பிளேயரையும் கொண்டுவந்து பொதுவில் வைத்தார். மெயின்லேண்டிலிருந்து நிவாரணப் பெட்டிகளோடு வந்த டிஸ்குகளில் ஒரு கட்டு முழுக்க ஒரே கார்ட்டூன். ஏதோ ஒரு வெள்ளைக்கார நாட்டுக் குடும்பம். அப்பா, அம்மா, ஒரு பையன், ஒரு பெண். ஹிந்தியில் பேசினார்கள். எங்கள் தீவு ஹிந்தி கடைக்குப் போக, சண்டை போட, ஆபீஸில் கெஞ்சப் போதும். அந்த ஹிந்தி வேறு மாதிரி இருந்தது. குழந்தைகள் புரியாமல் விழித்தன. உடனே இவர் டிவி சத்தத்தைக் குறைத்துவிட்டு, பக்கத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்து, ஒரு மைக்கைப் பிடித்துக்கொண்டு, நான்கு பேருக்கும் தமிழில் பேச ஆரம்பித்தார். அப்பனுக்குப் பக்கிரி என்று பெயர் வைத்தார், அம்மாவுக்கு ரஞ்சிதம். பையன் குண்டுமணி, பெண் சில்லு.

பக்கிரி குடைக் கம்பெனியில் வேலை பார்க்கிற மடையன். எபிசோடுக்கு எபிசோடு எதையாவது செய்து வீட்டைத் தரைமட்டமாக்கிவிடுவான். கூரை பறக்கும், சுவர் விழும், குளியல் தொட்டி தெருவில் ஓடும். அடுத்த எபிசோடில் அதே வீடு, அதே கூரை, அதே ஜன்னல் திரையோடு முழுசாக நிற்கும். யாரும் அதைப் பற்றி ஒரு வார்த்தை கேட்க மாட்டார்கள். தாயை அலைக்குக் கொடுத்துவிட்டு முதல் வரிசையில் உட்கார்ந்திருந்த முருகையா மகன் அஸ்வின், அப்போது அவனுக்கு ஆறு வயதிருக்கும், ஒருநாள் எழுந்து, "நாளைக்கு வீடு வந்துருமா மாமா?" என்று கேட்டான். இவர் மைக்கை மறந்துவிட்டு, "வந்துரும்டா, பேட்டா. பக்கிரி வீடு எப்பவும் வந்துரும்" என்றார். அன்றைக்குக் கொட்டகையில் பெரியவர்களும் வந்து உட்கார்ந்துவிட்டார்கள். அதற்குப் பிறகு அந்தக் கார்ட்டூனை நிறுத்த யாராலும் முடியவில்லை.

வீடுகள் கட்டிக் கொடுத்தார்கள். நாங்கள் குடிபோனோம். இவர் கேபிள் லைன் எடுத்து லோக்கல் சேனல் ஒன்று வைத்தார். எங்கள் அடுப்படிக்குப் பின்னால் ஒரு தகர அறை போட்டு, சுவரெல்லாம் முட்டை அட்டை ஒட்டி, அதற்குள் உட்கார்ந்து எபிசோடு எபிசோடாகப் பேசிப் பதிவு செய்தார். ஹிந்தியில் அவர்கள் என்ன பேசினார்கள் என்பதைப் பற்றிக் கொஞ்சநாளில் கவலைப்படுவதையே விட்டுவிட்டார். பக்கிரி கேம்பல் பேயில் இருந்தான். அவனுக்குக் கப்பல் டிக்கெட் கிடைக்கவில்லை, காய்கறி வரவில்லை, கரண்ட் போனது. ரஞ்சிதத்துக்கு என் வாயைக் கொடுத்தார்.

நான் டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் ஆபரேட்டராக இருந்து ரிட்டையர் ஆனவள். என் அப்பா ராணுவத்தில் ஹவில்தார். நிலம் தருகிறார்கள் என்று புதுக்கோட்டையிலிருந்து எங்களைக் கூட்டிக்கொண்டு இங்கே வந்தவர். மெயின்லேண்டுக்கு டிரங்க் கால் போட வேண்டுமென்றால் இந்த ஊரில் என் குரலைக் கேட்காமல் முடியாது. "லைன்ல இருங்க" என்று நான் சொன்னால் இருப்பார்கள். அப்படி மரியாதையாக வைத்திருந்த குரலை எடுத்துக் கார்ட்டூன் பொம்பளைக்கு மாட்டிவிட்டால் எனக்கு எப்படி இருக்கும்? காலையில் நான் திட்டினால் மறுவாரம் அது டிவியில் வரும். ஒருமுறை கரண்டியை வீசினேன். அதுவும் வந்தது. எங்களுக்குக் குழந்தை இல்லை. ஆனால் குண்டுமணியையும் சில்லுவையும் ரஞ்சிதம் கொஞ்சுவாள், அடிக்கக் கை ஓங்குவாள், தலைவாரிவிட்டபடி கதை சொல்லுவாள். அந்த வசனங்களை எங்கிருந்து எடுத்தார் என்று நான் அவரிடம் கேட்டதில்லை.

அதைவிடக் கூத்து, புதிதாக ஊருக்கு வந்தவர்களும் பின்னால் பிறந்தவர்களும் நான்தான் ரஞ்சிதத்தைப் பார்த்துப் பேசுகிறேன் என்று நினைத்தார்கள். மார்க்கெட்டில் மீனைப் புரட்டிப் பார்த்து, "இது மீனா, போன மாசத்துப் பேப்பரா?" என்றேன். பக்கத்தில் நின்ற சின்னப் பெண் சிரித்துக்கொண்டே, "அக்கா, நீங்க ரஞ்சிதம் மாதிரியே பேசுறீங்க" என்றாள். பாராட்டாகத்தான் சொன்னாள். பக்கத்து வீட்டுப் பஞ்சாபிக்காரி ஹர்பன்ஸ் கௌருக்குத் தமிழில் தண்ணீர் கேட்கத் தெரியாது. ஆனால் பேரன் பால் குடிக்காவிட்டால் இடுப்பில் கை வைத்து, "மனுஷியா, மண்சட்டியா?" என்று கேட்பாள், என் இழுவையோடு. கடலுக்கடியில் கேபிள் வந்து போனில் எல்லாம் கிடைக்க ஆரம்பித்த பிறகு, அதே கார்ட்டூன் மெட்ராஸ்காரர்கள் பேசிய சுத்தத் தமிழில், கண்ணைப் பறிக்கிற கலரில் வந்தது. எங்கள் ஊர்க் குழந்தைகள் அதைப் பார்த்துவிட்டு, அது பக்கிரி இல்லை என்று அழுதன.

இவ்வளவையும் விட்டுவிட்டு அவர் போய்விட்டார். நான் வீடு சேர்ந்த அன்று அஸ்வின் வாசலில் உட்கார்ந்திருந்தான். சேனலை இப்போது நடத்துவது அவன்தான். செய்தி கேட்ட பிறகும் ஏன் நிறுத்தவில்லை என்று கேட்டேன்.

"நிறுத்தத்தான் போனேன் அத்தை. கை வரல. நிறுத்திட்டா நிஜமாயிரும்போல இருந்துச்சு" என்றான்.

"நிஜம்தான். நான் சாம்பலைக் கரைச்சுட்டு வரேன். நிறுத்து. இனிமே போடாத."

நிறுத்தினான். கருமாதி வரைக்கும் யாரும் ஒன்றும் சொல்லவில்லை. அதற்குப் பிறகும் என்னிடம் நேராகக் கேட்க ஒருவருக்கும் தைரியமில்லை. விளக்கு வைத்ததும் தெரு அமைதியாகிவிடும். ஏதாவது இரவல் கேட்க வருவது மாதிரி வந்து நிற்பார்கள், பேச்சை ஆரம்பிப்பார்கள், என் முகத்தைப் பார்த்துவிட்டுப் போய்விடுவார்கள். எனக்கு நிம்மதியாகத்தான் இருந்தது. என் வாயை எனக்கே திருப்பித் தந்துவிட்டார்கள் என்றுகூட ஒருநாள் நினைத்தேன்.

பிறகு ஒரு மத்தியானம், துணி மடித்துக்கொண்டிருந்தபோது, அவர் என்னை எப்படிக் கூப்பிடுவார் என்று நினைத்துப் பார்த்தேன். "விசாலம்" என்பார். வார்த்தை இருக்கிறது, குரல் வரவில்லை. மறுபடி முயன்றேன். பக்கிரி கூப்பிட்டான். மூக்கடைத்த, எச்சில் தெறிக்கிற அந்தக் கோமாளிக் குரலில், விசாலம் என்று. காதைப் பொத்திக்கொண்டு இன்னொரு தடவை முயன்றேன். குண்டுமணி கூப்பிட்டான். நாற்பது வருஷம் ஒரே பாயில் படுத்த மனுஷனின் குரல் எனக்கு ஞாபகமில்லை. பயத்தில் அடுப்படிக்கும் வாசலுக்கும் நடந்துகொண்டிருந்தேன்.

போன் வீடியோ, கல்யாண வீடியோ எல்லாம் தேடினேன். எங்கேயும் அவர் இல்லை. ஊரில் எந்த விசேஷமானாலும் ஒயரைப் பிடித்துக்கொண்டு ஓரத்தில் நிற்கிறவர் அவர். மெஸேஜில் பேசி அனுப்புகிற பழக்கமும் கிடையாது. எக்ஸ்சேஞ்சில் இருந்தவளைக் கட்டிக்கொண்ட கர்வத்தில் எதற்கும் நேராகக் கால்தான் செய்வார். தகர அறையில் பதிவுகளை வைத்திருந்த பெட்டியிலோ மணிக்கணக்கில் அவர் குரல் இருக்கிறது, பக்கிரியாக, குழந்தைகளாக, நானாக. சொக்கலிங்கமாக ஒரு வார்த்தை இல்லை. தப்பு வந்தால் முதலிலிருந்து பேசுகிற ஆள். பிசிறு வைக்க மாட்டார். அஸ்வினிடம் போய் நின்றேன்.

"எல்லாத்தையும் ஓட்டு. எங்கயாவது ஒரு இடத்துல அவர் அவரா பேசியிருப்பார். எனக்கு அது வேணும்."

"எனக்கு எல்லாம் மனப்பாடம் அத்தை. அப்படி ஒண்ணு இல்ல."

"நீ கதையக் கேட்டிருப்ப. ஓட்டு."

மறுபடி சேனல் ஓடியது. காரணம் ஊருக்கெல்லாம் எப்படியோ தெரிந்துவிட்டது. எனக்கு வெட்கமாக இருந்தது, ஆனால் அவர்கள் சிரிக்கவில்லை. ஊரே தேடியது. இருபது வருஷமாகச் சிரிக்க மட்டும் பார்த்த கார்ட்டூனைக் காதைத் தீட்டிக்கொண்டு கேட்டார்கள். காலையில் போன் வரும். "அக்கா, குடைக் கம்பெனி தீப்பிடிக்குற எபிசோடுல ஒரு தும்மல் வந்துச்சு, கவனிச்சீங்களா? அது பக்கிரி தும்மல் இல்ல, அண்ணன் தும்மல்." டீக்கடைப் பெஞ்சில் அதற்குப் பெரிய விவாதம் நடந்தது, தும்மலில் ஆள் யாரென்று எப்படிச் சொல்வது என்று கடைக்கார முத்துவீரன் ஒரு பக்கம், சொல்லலாம் என்று மற்ற எல்லோரும் ஒரு பக்கம். ஹர்பன்ஸ் கௌர் தினமும் என் வீட்டுக்கே வந்து பார்த்தாள். ஒரு செருமல் வந்தால் என் தொடையைத் தட்டி, "யே?" என்பாள், இதுவா என்று. நான் இல்லையென்று தலையாட்டுவேன். தும்மலும் செருமலும் யாருக்கு வேண்டும்?

இப்படியே பழைய எபிசோடுகள் எல்லாம் ஓடி முடிந்தன. தேடினது கிடைக்கவில்லை. அஸ்வின் வந்து வாசல் படியில் உட்கார்ந்தான். செருப்பு வாரைத் திருகிக்கொண்டிருந்தான். போர்ட் பிளேருக்குப் போவதற்கு முன்னால், போன மழைக்காலத்தில், மாமா பேசி வைத்த புது எபிசோடுகள் இருக்கின்றன என்றான். அது எனக்கும் தெரியும். உடம்பு முடியாதபோது, தான் இல்லாத நாட்களில் சேனல் நின்றுவிடக் கூடாது என்று, மூச்சிரைக்க அந்தத் தகர அறையில் உட்கார்ந்து பேசினார். வேண்டாம் என்று நான் எத்தனையோ சொன்னேன்.

"அதையெல்லாம் ஏன் போடல?"

"போட்டா தீர்ந்துரும் அத்தை. அதுக்கப்புறம் புதுசா எதுவுமே இருக்காது. நானே இன்னும் தொறந்து பாக்கல."

"அது என்ன ஊறுகாயா, வருஷக் கணக்குல வச்சுக்க? போடு."

நான் அப்படிச் சொன்னதும் அவன் உதடு லேசாகத் துடித்தது. ரஞ்சிதம் எதிலோ அதைச் சொல்லியிருப்பாள்போல. எழுந்து போய்விட்டான்.

புது எபிசோடுகளை ஊர் சிரிக்காமல் பார்த்தது. பக்கிரிக்கு மேல்மூச்சு வாங்கியது. குண்டுமணியின் குரல் கம்மியது. கூரை பறக்கிற இடத்தில் பக்கிரி வழக்கம்போல நீட்டி முழக்கிக் கத்தவில்லை, "போச்சு" என்று மட்டும் சொன்னான். படத்தில் வயது ஏறாத அவர்கள் குரலில் மட்டும் கிழடாகிக்கொண்டிருந்தார்கள். ரஞ்சிதம் மட்டும் அப்படியே இருந்தாள். அவளுக்கு மட்டும் எங்கிருந்தோ மூச்சை எடுத்துப் பேசியிருந்தார். எனக்கு அதைக் கேட்கக் கோபம் வந்தது. சாகப்போகிற நேரத்திலும் என்னைக் கேலி செய்யத் தெம்பு இருந்திருக்கிறது பாருங்கள் என்று ஹர்பன்ஸ் கௌரிடம் தமிழிலேயே சொன்னேன். அவள் என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

அன்றைக்கு ஓடிய எபிசோடில் பக்கிரி குடும்பத்தோடு எங்கேயோ கிளம்பவேண்டும். கிளம்புவதற்கு முன்னால் ரஞ்சிதம் மேஜையில் தட்டுகளை வைத்துவிட்டு எல்லோரையும் சாப்பிடக் கூப்பிடுகிறாள். படத்தில் அவள் வாயைத் திறந்தாள். அப்போது பின்னால், ரொம்பத் தூரத்தில், பாத்திரச் சத்தத்துக்கு நடுவே ஒரு பெண் கூப்பிட்டாள்.

"ஏங்க, சாப்பிட வாங்க. ரசம் ஆறுது."

சிடுசிடுப்பான, களைத்துப்போன குரல். யாரோ பக்கத்து வீட்டில் கூப்பிடுகிறார்கள் என்று நினைத்து நான் ஜன்னல் பக்கம் திரும்பினேன். ஹர்பன்ஸ் கௌர் டிவியைக் காட்டி, பிறகு என்னைக் காட்டினாள். "ஆப்" என்றாள். நீங்கள் என்கிறாள். அடுப்படியில் நின்று நான் கூப்பிட்டது தகரச் சுவரைத் தாண்டி உள்ளே போயிருக்கிறது. என்றைக்கு என்று தெரியவில்லை. தினமும் கூப்பிட்டதுதான்.

டிவியில் சத்தம் இல்லை. படத்தில் ரஞ்சிதத்தின் வாய் மூடித் திறந்தது. பிறகு அவர் ஆரம்பித்தார், என் மாதிரி. "ஏங்க, சாப்பிட வாங்க. ரசம் ஆறுது." நிறுத்தினார். தொண்டையைச் செருமிக்கொண்டு, இன்னும் கொஞ்சம் தாழ்த்தி, "ஏங்க, சாப்பிட வாங்க..." மறுபடி. இந்தத் தடவை 'ஏங்க'வை இழுத்தார். மறுபடி. இழுக்காமல் சொன்னார். பிசிறை வெட்ட அவருக்கு நேரம் கிடைக்கவில்லைபோல, படம் பாட்டுக்கு ஓடிப்போய்விட்டது. பக்கிரியும் பிள்ளைகளும் பஸ் ஏறி எங்கேயோ போய்க்கொண்டிருந்தார்கள், குண்டுமணி ஜன்னலில் கை காட்டினான், அவர் இன்னும் மேஜையடியில் நின்று கூப்பிட்டுக்கொண்டிருந்தார். எத்தனை தடவை சொன்னார் என்று தெரியாது. மூச்சு வாங்கி நின்றார்.

"ம்ஹூம்" என்று ஓர் ஆள் சொன்னார். "இப்படி இல்ல. அவ இப்படிச் சொல்ல மாட்டா."

யாரிது என்றுதான் முதலில் தோன்றியது. கொஞ்சம் கரகரப்பான, மெதுவான, டிக்கெட் கவுண்டரில் எனக்கு முன்னால் நிற்கிற யாருக்கும் இருக்கக்கூடிய குரல். அதற்கப்புறம் என் உடம்பு அதைக் கண்டுகொண்டது. கழுத்தில், காதுக்குப் பின்னால், அவர் படுத்துக்கொண்டே பேசுகிற இடத்தில் அது வந்து பட்டது. நான் அழுதேன். சத்தம் போட்டு அழுதேன். வெளியே தெருவில் எந்த வீட்டிலும் ஒரு சத்தமில்லை. என் போன் அடித்தது, நின்றது, மறுபடி அடித்தது. எடுக்கவில்லை.

டிவியில் அவர் மறுபடி ஆரம்பித்துவிட்டார். "ஏங்க..." என்று சொல்லி, பிடிக்காமல் விட்டார். "ஏங்க, சாப்பிட..." இல்லை. எனக்குத் தாங்கவில்லை. இத்தனை வருஷம் ஒருத்தர் என் அடுப்படிச் சுவருக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்து இதற்கா இத்தனை பாடுபட்டார்? அது என்ன அவ்வளவு பெரிய விஷயம், ஒரு மனுஷனைச் சாப்பிடக் கூப்பிடுவது? நான் எழுந்து டிவிக்கு முன்னால் போய் நின்றேன். இப்படித்தான் என்று அவருக்குச் சொல்லிக் காட்டுவதற்காக வாயைத் திறந்தேன்.

"ஏங்க, சாப்பிட வாங்க. ரசம் ஆறுது."

ஹர்பன்ஸ் கௌர் சட்டென்று நிமிர்ந்து டிவியைப் பார்த்தாள், என்னைப் பார்க்கவில்லை. எனக்கும் கேட்டது. அது என்னுடையதாக இல்லை. அவர் செய்கிற நான் மாதிரியே, அதே இழுவையோடு வந்திருந்தது. நான் இன்னொரு தடவை சொல்லிப் பார்த்தேன். அவரும் அங்கே இன்னொரு தடவை சொன்னார். திரையில் ரஞ்சிதம், கார்ட்டூன் பஸ்ஸின் பின்சீட்டில், மடியில் சில்லுவைப் படுக்கவைத்துக்கொண்டு, சத்தமில்லாமல் உதட்டை அசைத்துக்கொண்டிருந்தாள்.